நிலுவையில் நின்ற புளியமரம்

“வெட்டறதுக்கு மனுக் கொடுத்த மரமுங்க. உத்தரவு வராம அது எப்படிங்க விழும்?”

தீயணைப்பு வண்டியில் வந்தவர்களிடம் பொற்கொடி இப்படித்தான் சொன்னாள். கிணத்துக்கடவுக்குக் கிழக்கே ஓர் ஊரில், ஆடிக் காற்றில் வேரோடு பெயர்ந்த அரசுப் புளியமரம் ஒன்று அவளுடைய ஓட்டு வீட்டின் மேல் சரிந்து வந்து, கூரைக்கு மேலே ஓர் ஆள் உயரத்தில் நின்றுவிட்டது. வந்தவர்களில் ஒருவர் ஏணி போட்டு ஏறி மரத்துக்கு அடியில் கையை விட்டுத் துழாவினார். “காத்துத்தானுங்க இருக்குது” என்று இறங்கினார். புறம்போக்கு மரத்தை உத்தரவில்லாமல் தொட்டால் வழக்கு வரும் என்பதால் டீ குடித்துவிட்டுப் போனார்கள்.

மரம் சாயத் தொடங்கியபோதே அவள் கணவன் கௌதமன் கோட்டாட்சியர் அலுவலகத்தில் மனுக் கொடுத்திருந்தான். மனு அங்கே ஒரு மேஜையில் கிடந்தது, மரம் இங்கே அந்தரத்தில் கிடந்தது. வருஷங்கள் போயின. மரம் படுத்தபடியே துளிர்த்தது, பூத்தது, காய்த்தது. பொற்கொடி பக்கத்து வீட்டு மொட்டைமாடியில் நின்று கையாலேயே புளி பறித்தாள். சித்திரை வெயிலில் அந்த வீதியில் குளிர்ச்சியாக இருந்த வீடு அது ஒன்றுதான்.

குழந்தை பிறந்து தவழத் தொடங்கியதும் கௌதமனுக்குத் தூக்கம் போயிற்று. வக்கீல் ஆல்வினைப் பிடித்து ஹைகோர்ட்டில் ரிட் போட்டான். எட்டு வாரத்துக்குள் மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. வெட்டலாம் என்றோ கூடாது என்றோ அதில் இல்லை.

“இது செயிச்சதுங்களா, தோத்ததுங்களா?” என்று பொற்கொடி கேட்டாள். கௌதமன் அதற்குள் வீதிக்கெல்லாம் லட்டு கொடுத்து முடித்திருந்தான்.

ஃபைல் நகர்ந்தது. கிராம நிர்வாக அலுவலர் கையெழுத்துப் போட்ட மத்தியானம் மரம் ஒரு முழம் இறங்கியது. வருவாய் ஆய்வாளர் போட்டபோது இன்னொரு முழம். தாசில்தார் வெட்டச் சொன்னாரா மறுத்தாரா என்று யாருக்கும் தெரியாது, ஆனால் அன்று மாலை புளியம்பிஞ்சுகள் ஓட்டில் உரசின. உத்தரவு எதுவானாலும் அதற்கப்புறம் மரத்துக்குக் காத்திருக்க வேலையில்லை என்று ஊருக்கு விளங்கிவிட்டது. மனுவை வாபஸ் வாங்கலாமா என்று கௌதமன் போனில் கேட்டான். “வாங்குனா அன்னைக்கே விழுந்துபோடுமுங்க” என்றார் ஆல்வின்.

கெடு முடியும் நாளில் கோட்டாட்சியர் சண்முகப்பிரியா நேரில் வந்தார். பொழுது சாய்வதற்குள் முடிவெடுக்காவிட்டால் அவர்மேல் கோர்ட் அவமதிப்பு வரும். அரிசி மூட்டையும் பீரோவும் தொட்டிலும் ஏற்கெனவே வீதிக்கு வந்திருந்தன. வீட்டை மட்டும் தூக்க முடியவில்லை. எதிர்ச் சாரியில் நாற்காலி போட்டார்கள். மடியில் ஃபைலை விரித்துப் பேனாவைத் திறந்தவர், அண்ணாந்து பார்த்தார். கொப்புகளுக்கிடையே ஒரு மைனா குஞ்சுக்கு இரை ஊட்டிக்கொண்டிருந்தது. பொற்கொடி மோர் டம்ளரை நீட்டினாள்.

“ஏனுங்க மேடம், எங்களுக்கு இப்ப ஒண்ணும் அவசரமில்லைங்க. கோர்ட்டுல வேணும்னா நானே வந்து சொல்லிப்போடறேன். இது பாட்டுக்கு நிலுவையிலயே கெடக்கட்டுமுங்களா?”