பள்ளத்துக்கு அந்தப் பக்கம்

கல்குவாரி லாரிகள் அந்தச் சின்ன ஊரைப் படுத்திய பாடு கொஞ்சநஞ்சமா! சுவரெல்லாம் விரிசல், வீட்டுக்கு வீடு இருமல். கெஞ்சிக் கூத்தாடியும் யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. கடைசியில் தையல்காரிதான் கடப்பாரையைத் தூக்கினாள்.

"ஆம்பளைங்க எல்லாம் கையைக் கட்டிக்கிட்டு வேடிக்கை பாருங்க!"

ஊருக்கு இருந்த ஒரே ரோட்டின் குறுக்கே முதல் வெட்டு அவள் வெட்டியது. ரோஷம் வந்து ஊரே இறங்கியது. ஆளை முழுங்குகிற பள்ளம்! இரண்டு பக்கமும் சேற்று வயல், சுற்றிப் போகவும் வழியில்லை. லாரிகள் வந்த வழியே திரும்பின. அப்புறம் அவளைக் கையில் பிடிக்க முடியுமா? தலைகால் புரியவில்லை.

பாவி மனுஷன், அவள் புருஷன், அன்றைக்கு மத்தியானம் சாப்பிட உட்கார்ந்தவன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சரிந்தான். ஆம்புலன்ஸ் சீக்கிரமாகத்தான் வந்தது. வந்து, பள்ளத்துக்கு அந்தப் பக்கம் நின்றது.

"எவன்யா ரோட்டை வெட்டினது?" என்று டிரைவர் கத்தினான்.

கூட வந்த மருத்துவ உதவியாளர் பள்ளத்தில் இறங்கி ஏறி வீட்டுக்கு ஓடினார். கைப்பையில் இருந்த மருந்தைக் கொடுத்துப் பார்த்தார்.

"இவரைத் தூக்கிட்டு அதுல இறங்கி ஏறினா தாங்க மாட்டாரும்மா. வண்டி வாசலுக்கு வரணும்."

மண், கல், உடைந்த கதவு, வைக்கோல், எது கிடைத்ததோ அதைக் கொட்டினார்கள். தையல்காரி வெறும் கையால் மண்ணை வாரித் தள்ளினாள். நகம் பிய்ந்தது. "சீக்கிரம்... ஐயோ, சீக்கிரம்!" அவளை அவளே மனசுக்குள் சபித்துக்கொண்டாள்.

வண்டி வாசலுக்கு வந்தபோது உதவியாளர் தலையைக் குனிந்துகொண்டு வெளியே வந்தார்.

மறுநாள் காலை, உடலை இன்னும் எடுக்கவில்லை. ஹாரன் கேட்டது. மூடிய பள்ளத்தின் மேல் முதல் லாரி ஏறி வந்தது.

கொழுந்தன் கடப்பாரையோடு வந்து நின்றான். "அண்ணி, ஒரு வார்த்தை சொல்லுங்க. மறுபடி வெட்டிடலாம்."

கூட்டம் மொத்தமும் அவள் முகத்தையே பார்த்தது. எதிர்வீட்டு மருமகள் நிறைமாத வயிற்றோடு கதவில் சாய்ந்து நின்றாள்.

"வேணாம்டா. போட்டுட்டுப் போ."

லாரி கடந்தது. வீடு அதிர்ந்தது. புருஷன் முகத்தில் வெள்ளையாகத் தூசி படிந்தது. அவள் துடைத்துவிட்டாள். துடைத்து முடிப்பதற்குள் அடுத்த லாரி வந்தது.