வீட்ல எல்லாரும் சௌக்கியமா?

"இன்னைக்காவது கேட்டியா?"

"கேக்குற மாதிரி இல்ல அவரு முகம்."

"அவருக்கு முகம் இல்ல, உனக்கு நாக்கு இல்ல. நல்ல பொருத்தம்!"

"மெதுவாப் பேசு நிமியா. தோட்டக்காரன் தங்கச்சிக்கு ஆஸ்பத்திரில இடம் கேட்டான். இடம் கெடச்சுது, வேலை போச்சு. எனக்கும் போனா பையனுக்கு மருந்து யாரு வாங்குறது?"

ஐந்து வருடங்களாக நானும் என் கணவன் சிரிலோவும் பேசியதில் பாதி இதுதான். எங்கள் நாட்டுத் தலைநகர் அசுன்சியோனில், அதிபர் மாளிகையில் நான் சட்டைகளுக்கு இஸ்திரி போடுகிறேன். அவன் காலை ஆறு மணிக்கு அதிபருக்குச் சூடான மாத்தே தேநீரும் சீஸ் ரொட்டியும் கொண்டுபோவான். அவராகக் கேட்காமல் நாங்கள் வாய் திறக்கக் கூடாது. அவரோ தினமும் கேட்பார்.

"வீட்ல எல்லாரும் சௌக்கியமா, சிரிலோ?"

"சௌக்கியம், ஐயா."

எங்கள் மகன் தெர்லிஸ் ஓட்டிய லாரி மோதி ஒருவர் இறந்துபோனார். எட்டு வருடச் சிறை. அதிபர் மன்னித்து ஒரு கையெழுத்துப் போட்டால் வீட்டுக்கு வந்துவிடுவான். போன ஞாயிறு அவனைப் பார்க்கப் போனபோது இரண்டு கைதிகள் தாங்கிக்கொண்டு வந்தார்கள். வாயைத் துடைத்த துண்டை மடித்து ஒளித்துக்கொண்டான். அதிலிருந்த ரத்தத்தை நான் பார்த்துவிட்டேன். சிரிலோவும் பார்த்தான்.

அதிபர் பதவியில் இருக்கும் கடைசி நாள் காலை. "இன்னைக்கு நிச்சயம்" என்று தட்டைத் தூக்கிக்கொண்டு போனான். அறை முழுக்க ஆட்கள். பதவிக்குரிய மூவண்ணப் பட்டையை அதிபரின் தோளில் சரிசெய்துகொண்டிருந்தார்கள். அன்று மட்டும் அவர் எதுவும் கேட்கவில்லை. தேநீர் ஆறிப்போய்த் திரும்பி வந்தது.

மதியம் பட்டையைப் புதிய அதிபருக்கு அணிவித்துவிட்டு, பெட்டிகளை எடுத்துப்போக வந்தார். நாங்கள் வரிசையாக நின்றோம். காலையில் நான் தேய்த்துக் கொடுத்த சட்டை, பட்டை கிடந்த இடத்தில் மட்டும் கசங்கியிருந்தது.

சமையல்காரி கந்தலீசியா என் காதில் சொன்னாள்: "இனிமே இவரு கையெழுத்து வாடகைச் சீட்டுலதான் செல்லும்."

ஒவ்வொருவராகக் கை குலுக்கிக்கொண்டு வந்தவர் எங்கள் முன் நின்றார்.

"வீட்ல எல்லாரும் சௌக்கியமா, சிரிலோ?"

வேண்டாம் என்று அவன் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தேன். அவன் கையை விடுவித்துக்கொண்டான்.

"இல்லைங்க ஐயா. எம்புள்ள ஜெயில்ல சாகக் கெடக்கான். அவன மன்னிச்சு வெளிய விடச் சொல்லுங்க."