இடுப்புப் பட்டையைத் தளர்த்திய பெயர்

1947 பிப்ரவரியில், போர் முடிந்தும் பஞ்சம் தீராத ஜெர்மனியின் கெட்டிங்கன் நகரத் திரையரங்கில் மதியக் காட்சி பார்த்த முந்நூற்றுப் பன்னிரண்டு பேருக்கு இரண்டு நாள் பசிக்கவே இல்லை. நுழைவுக் கட்டணமாக அரங்கின் கணப்படுப்புக்கு ஆளுக்கொரு கரிக்கட்டியைக் கொடுத்துவிட்டு, வயிறு முதுகோடு ஒட்ட உள்ளே போனவர்கள் ஏப்பம் விட்டுக்கொண்டு வெளியே வந்தார்கள். காரணம் படத்தின் ஒன்பதாவது காட்சி. அதில் ஒரு குடும்பம் சுட்ட வாத்தும் சிவப்பு முட்டைக்கோசும் உருளைக்கிழங்கு உருண்டையும் சாப்பிடும். படப்பிடிப்பில் இருந்தது சாயம் பூசிய சுண்ணாம்பு வாத்து. ஆனால் காட்சியை எழுதிய ரோஸ்விதா கெம்ப், நாலாம் மாடி அறையில் கோட்டைக் கழற்றாமல், டர்னிப் கிழங்குக் கஞ்சி குடித்தே மூன்று நாள் ஓட்டி, கொழுப்பு எந்தப் பக்கம் வழிகிறது என்பதுவரை எழுதியிருந்தாள்.

படத்தில் அவள் பெயர் இல்லை. இயக்குநர் டாக்டர் ஓட்டோகார் ரீமின் பெயரும் பட்டமும் திரையை அடைத்துக்கொண்டதில் மிச்ச இடமில்லை. தம் ஒளியமைப்பின் ஆன்ம வலிமையால்தான் ஊர் வயிறு நிறைந்தது என்று அவர் பத்திரிகைகளுக்குச் சொன்னார். அடுத்த படத்தில் தன் பெயர் வரவேண்டும் என்பது ஒன்றுதான் ரோஸ்விதா கேட்டது. "எழுதுறவங்க பேரை யாரும்மா படிக்கப்போறாங்க?" என்று சிரித்துவிட்டு, அடுத்த படத்தை ரீம் தாமே எழுதினார்.

அதில் கதாநாயகன் இடிந்த சுவரருகே நின்று மானுடத்தின் விதியைப் பற்றிப் பதினோரு நிமிடம் பேசினான். ஐந்தாம் நிமிடத்தில் பார்த்தவர்கள் வயிறு உப்பிற்று. எட்டாம் நிமிடத்தில் முன்வரிசைக்காரர்கள் நாற்காலியை விட்டு மேலே மிதந்து கூரையில் முட்டினார்கள். வாசலில் கரி வாங்கும் டிப்பெல் அம்மாள் ஒவ்வொருவராகக் குடைக்கொக்கியால் இழுத்து இறக்கினாள்.

"டாக்டரய்யா, பசிச்சு வந்த சனத்துக்குக் காத்தடிச்சு அனுப்புறீங்களே! இது என்ன சைக்கிள் கடையா?"

இறங்கியவர்கள் தங்கள் கரிக்கட்டிகளைத் திருப்பி எடுத்துக்கொண்டு போனார்கள். ஒரு வாரம் அரங்கில் அடுப்பு எரியவில்லை. ரீம் மூச்சிரைக்க நாலு மாடி ஏறினார்.

"எழுதுங்க கெம்ப் அம்மா. ஒரே ஒரு வாத்து."

"பேரு?"

"ஓரமா, சின்னதாப் போட்டுடறேன்."

"அப்ப வாத்தும் சின்னதாத்தான் இருக்கும்."

ரீம் பதில் சொல்ல வாயைத் திறந்தார்; அதற்குள் அவருடைய வயிறு ஒப்புக்கொண்டுவிட்டது.

அடுத்த படத்தில் ரோஸ்விதா கெம்ப் என்ற பெயர் முதலில், திரை முழுக்க வந்தது. படம் பார்த்தவர்களுக்கு ரேஷனில் உருளைக்கிழங்கைக் கழிக்கவேண்டுமென்று பங்கீட்டு அலுவலகம் ஓர் அதிகாரியை அனுப்பியது. அவர் இரண்டு காட்சி தொடர்ந்து பார்த்துவிட்டு, அறிக்கை எழுதக் குனியமுடியாமல் வீட்டுக்குப் போய்த் தூங்கினார். பதினோரு வருடத்தில் அவள் இருபத்திரண்டு படம் எழுதினாள். வெண்ணெய் திரும்பி வந்து ஊருக்குத் தொப்பை விழுந்தபோது தெளிந்த கீரை ரசம் எழுதினாள். மருத்துவர்கள் அதைச் சீட்டில் எழுதிக்கொடுத்தார்கள். அவளுடையது கலையே அல்ல என்று எழுதிய மியூனிக் விமர்சகர்கள் கழுத்துப்பட்டையில் சிந்திய வாத்துக் குழம்பு காய்வதற்குள் எழுதினார்கள். ரீம் கடைசிவரை இயக்கினார். அவர் பெயர் ஓரமாக, சின்னதாக வந்தது.

அதை யாரும் படித்ததாகத் தெரியவில்லை. ரோஸ்விதாவின் பெயரை எல்லோரும் படித்தார்கள். திரையில் அது வந்ததுமே அரங்கம் முழுவதும் இடுப்புப் பட்டைகளை இரண்டு துளை தளர்த்திக்கொள்ளும் சத்தம் கேட்கும். அதற்குப் பிறகுதான் டிப்பெல் அம்மாள் கதவைச் சாத்துவாள்.