கடல் மண்டியிட்ட பாட்டு

ஃபோதிஸ் சினிமாவுக்கு எதை இசையமைத்தாலும் அது முதலில் அவர் வீட்டில்தான் நடக்கும். முதல் படத்தின் மழைக் காட்சிக்கு அவர் வயலின் எழுதிய ஆகஸ்டில் ஏதென்ஸ் முழுக்க வெயில் கொளுத்த, கிப்செலிப் பேட்டையில் எங்கள் தெருவில் அவர் கூரையில் மட்டும் கொட்டியது. நாங்கள் தக்காளித் தொட்டிகளைக் கொண்டுபோய் அவர் மாடியில் வைத்தோம். ஒவ்வொரு பழமும் தர்பூசணி அளவு காய்த்தது. நான் சொல்வதில் பாதியைக் கழித்தாலும் பரங்கிக்காய்க்குக் குறையாது. கல்யாணப் படம் என்றால், மணமக்கள் கட்டிலில் தூவுவதுபோல் அவர் படுக்கையெல்லாம் அரிசியும் சர்க்கரைப் பாதாமும். அவர் மனைவி ஆர்கிரோ அதை அள்ளிப் பால்சோறு பொங்கித் தெருவுக்கே கொடுத்தாள். விருதுகள் வந்தன, கண்பட்டுவிடக் கூடாதென்று நாங்கள் அவர்மேல் துப்பினோம், அவரும் முகத்தைத் துடைத்துக்கொண்டு அடுத்த படத்துக்கு உட்கார்ந்தார். இப்படியே பல வருஷம் போனது.

தயாரிப்பாளர் கரவாசிலிஸ் கதையைத் துண்டு துண்டாகத்தான் அனுப்புவார். அதனால், கதாநாயகன் கடலில் மூழ்கிச் சாகிறான் என்று தெரியுமுன்பே ஃபோதிஸ் புயலை எழுதிவிட்டார். அடுப்படியில் உப்புத் தண்ணீர் ஏறி முழங்கால் அளவுக்கு நின்றது, இறங்கவில்லை. அதே வாரம் கிதிரா தீவுக்கு அப்பால், ஆர்கிரோவின் தம்பி லினார்தோஸ் வேலை பார்த்த சரக்குக் கப்பலிலிருந்து சேதி வருவதும் நின்றது.

"எனக்கு இருக்கிறது ஒரே தம்பி. அவனை முக்கிட்டுத்தான் நீ அடுத்த விருது வாங்கணுமா?" என்றாள் ஆர்கிரோ.

ஃபோதிஸ் ஓடிப்போய்த் தயாரிப்பாளரிடம் முடிவை மாற்றச் சொன்னார்.

"யோவ், அவன் மூழ்கலேன்னா பொம்பளைங்க எப்படிய்யா அழுவாங்க? போ, போய் முக்கு."

திரும்பி வந்தபோது தண்ணீர் மேசையைத் தொட்டிருந்தது. பாதியில் விட்டால் புயல் ஓயாது. எழுதி முடித்தால் மைத்துனன் போவான். அவர் பென்சிலைக் கடித்துக்கொண்டே இருந்தார், ஆர்கிரோ அவர் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். கடைசியில், மூழ்க வேண்டிய இடத்தில் ஒரு மதுக்கடைப் பாட்டை வைத்தார், ஒற்றை ஆள் ஆடும் பாட்டு. எங்கள் ஊரில் ஒருவன் தன் பாட்டைக் கேட்டு வாங்கி ஆட எழுந்தால் அது அவன் ஆட்டம். குறுக்கே கால் வைத்தால் கத்தி வரும். சுற்றி மண்டியிட்டுக் கைதட்டலாம், அவ்வளவுதான். கடலும் எங்கள் ஊர்க் கடல்தானே. அடுப்படியில் அலை ஒரு முழங்காலை மடக்கி மண்டியிட்டது. ஃபோதிஸ் அந்தப் பாட்டுக்கு முடிவே எழுதவில்லை.

லினார்தோஸ் உள்ளங்கால் தெரியத் தேய்ந்த செருப்போடு வந்து சேர்ந்தான். ஏன் இவ்வளவு தாமதம் என்று ஆர்கிரோ அழுதாள்.

"அத்தான் பாட்டை நிறுத்தவே இல்லையே, நான் எப்படிக்கா பாதியில நிறுத்துறது? அலையெல்லாம் சுத்தி உக்காந்து கைதட்டுது. கரை வரைக்கும் ஆடிக்கிட்டேதான் வந்தேன்."

பக்கத்துத் திறந்தவெளி சினிமாக் கொட்டகையில் அந்தப் படம் முடிவதில்லை. கதாநாயகன் ஆடிக்கொண்டே இருப்பான். சூரியகாந்தி விதை தீர்ந்ததும் ஜனம் எழுந்து போகும். பெண்கள் எப்படியும் அழுதுவிடுவதால் கரவாசிலிஸ் வாய் திறக்கவில்லை. ஆபரேட்டர் கையால் மெஷினை நிறுத்துவார். லினார்தோஸ் கடலில் இருக்கும் நாட்களில் மட்டும் நிறுத்தமாட்டார். விடியவிடியக் கேட்கும் பாட்டுக்கு நாங்கள் ஜன்னலைச் சாத்திக்கொண்டு தூங்குவோம்.