குண்டனோட முட்டிக்கு ரெண்டு போன்

லிஃப்டுல கயிறு அறுந்தா நீங்க கயித்தை மாத்துவீங்களா, கட்டடத்தை வெட்டுவீங்களா?

லிஃப்ட் மெக்கானிக் இதைத்தான் நாய் டாக்டரம்மாகிட்ட கேட்டார். மேசை மேல அவரோட நாய் குண்டன் மூணு கால்ல நின்னுட்டிருந்தான். பேருக்கேத்த உடம்பு. பந்தைத் தொரத்திட்டுப் போய்ச் சட்டுனு திரும்பினதுல இடது பின்னங்கால் முட்டி மடங்கிடுச்சு. அன்னையிலேருந்து அந்தக் காலைத் தரையில வைக்கிறதே இல்ல.

"முட்டிக்குள்ள ஜவ்வு அறுந்திருக்கு சார். வெளியில தடிமனா நூல் போட்டு இழுத்துக் கட்டலாம். இல்லன்னா கீழ் எலும்போட தலையை வெட்டி, கொஞ்சம் திருப்பி, பிளேட் வச்சு முடுக்கலாம். இவன் கனத்துக்கு எலும்புதான் சரின்னு தோணுது."

"அப்ப அறுந்த ஜவ்வு?"

"அதைத் தொட மாட்டோம். எலும்பைத் திருப்பிட்டா அது இல்லாமலே முட்டி நிக்கும்."

மெக்கானிக்குக் கண்ணைக் கட்டிக் காட்டுல விட்ட மாதிரி ஆயிடுச்சு. "சரிங்க, அப்ப ரெண்டு காலுக்கும் சேத்தே பண்ணிடுங்க."

"அந்தக் கால் நல்லாத்தானே இருக்கு!"

"எங்க வேலையில ஒரு கயிறு போச்சுன்னா எல்லாத்தையும் மாத்திடுவோம். பழசும் புதுசும் ஒண்ணா இழுக்காது."

பக்கத்துல நின்ன சம்சாரம் தலையில அடிச்சுக்கிட்டா. "ஏங்க, இவன் என்ன பத்து மாடிக்கா ஆள் ஏத்தப் போறான்?"

டாக்டரம்மா சிரிக்கல. "இன்னொரு காலும் ஒருநாள் போகலாம். போறப்ப பாப்போம். நூலா எலும்பான்னு சாயங்காலத்துக்குள்ள போன் பண்ணுங்க."

மெக்கானிக் இன்னும் குழம்பினார். போகும்னு தெரிஞ்சும் விட்டு வைப்பாங்களா?

வீட்டுக்கு வந்தும் அதே பேச்சுதான். அந்த ஊர்ல அவங்களுக்குன்னு இருந்தது குண்டன் ஒருத்தன்தான்.

"நூலே போதும்ங்கிறேன்."

"இந்த உடம்பை நூல் தாங்குமா?"

"அப்ப எலும்பை வெட்டச் சொல்றியா?"

"நான் எங்க சொன்னேன்? ஏதாவது ஆச்சுன்னா காலம் பூரா என்னையே குத்திக் காட்டுவீங்க."

"நான் சொல்லி ஏதாவது ஆச்சுன்னா?"

"நானும் குத்திக் காட்டத்தான் செய்வேன்."

அவர் குண்டன் பக்கத்துல உக்காந்து ரெண்டு தொடையையும் பிடிச்சுப் பாத்தார். ஒண்ணு கல்லு மாதிரி இருந்தது. அடிபட்டதுல சதை கரைஞ்சு, பிடி நிறையல. எழுந்து பால்கனிக்குப் போய் டாக்டரம்மாவுக்குப் போன் போட்டார். "எலும்பையே வெட்டிடுங்க."

கொஞ்ச நேரத்துல டாக்டரம்மாவே திருப்பிக் கூப்பிட்டாங்க. "சார், உங்க வீட்டுல ஒரு நாய்தானே? நூல் போடச் சொல்லி இப்பத்தான் உங்க வீட்டம்மா பேசினாங்க."

மெக்கானிக் அடுப்படிக்கு ஓடினார். "எதுக்குடி நூல்னு சொன்ன?"

"நீங்கதானே அதுல நம்பிக்கையா இருந்தீங்க."

"நீ எலும்பு எலும்புன்னியேன்னு நான் எலும்புன்னுட்டேனே!"

"நான் எப்பங்க சொன்னேன்?"

சொன்னாளா இல்லையான்னு அவருக்கே ஞாபகமில்ல. டாக்டரம்மா லைன்லயே இருந்தாங்க. "ரெண்டு பேரும் பேசிட்டு, காலைல யாராவது ஒருத்தர் மட்டும் சொல்லுங்க."

ராத்திரி ரெண்டு பேரும் நாயைப் பாத்தாங்க, ஒருத்தரை ஒருத்தர் பாத்துக்கல.

மறுநாள் காலையில ஆஸ்பத்திரியில டாக்டரம்மா கேட்டப்ப, "எலும்பு. நான்தான் சொல்றேன்"னு சம்சாரம் சொன்னா. குண்டனோட இடது பின்னங்கால்ல முடியை மழிச்சு உள்ள தூக்கிட்டுப் போனாங்க.