பதினேழு வேட்டியில் அம்மா

செத்து இருபத்தேழு வருஷமான அம்மாவை ஞாயிற்றுக்கிழமை நடக்க வைக்கப்போவதாக மதுரை பூராவும் சொல்லித் திரிந்தார் ஓவிய வாத்தியார் இன்பசேகரன். அதைக் கேட்டு வைகையே ஒரு நிமிஷம் நின்றுவிட்டது. அம்மா போனபோது அவருக்கு இரண்டு வயது, முகம் நினைவில்லை. பாதிரியார் ஒருவர் சோழவந்தானில் எடுத்த பழைய கல்யாணப் படச்சுருளில் பந்தி பரிமாறுகிறவள் அம்மாதானா என்று, முகம் நினைவிருக்கும் அக்கா ஆனிமேரிதான் சொல்ல வேண்டும்.

பள்ளிக்கூட ஹாலை இருட்டாக்கி, பதினேழு வேட்டிகளைத் தொங்கவிட்டுப் படத்தை ஓட்டினார். அத்தனையிலும் ஒருத்தி சோற்று வாளியோடு நடந்தாள்.

வேட்டிகளுக்குப் பின்னால் நின்ற அக்கா, "இடது கையால பந்தி பரிமாறுறா. அம்மாவாவது, இப்படிச் செய்யுறதாவது. வேற எவளோ, தம்பி" என்றாள்.

இன்பசேகரனுக்கு உயிரே போய்த் திரும்பியது. துணிக்குப் பின்னால் நின்றால் படம் இடவலம் மாறித்தானே தெரியும்? அக்காவைக் கைப்பிடித்து முன்பக்கம் அழைத்து வந்தார்.

இப்போது வலது கை. அக்கா வேட்டிக்கு அருகே போய் முகத்தை உற்றுப் பார்த்தாள்.

"அம்மாதான்டா" என்றாள். "நடந்துதான் வாரா."