பஞ்சு போன்ற கார்பெட்

அப்பாவின் சாவுக்கு மறுநாள் துக்கம் கேட்க வந்த சின்னத்தை, அப்பாவின் ஒரே தங்கை, கூடத்துக் கார்பெட்டில் உட்கார்ந்து ஒப்பாரி வைத்தாள். நடுவிலேயே அவள் கை கார்பெட்டைத் தடவத் தொடங்கியது.

"பஞ்சு மாதிரி இருக்கே. என்ன போட்டுக் கழுவுறே?"

கடனே என்று முகத்தைத் தொங்கப் போட்டிருந்த என் அண்ணிக்கு உயிர் வந்தது.

"கம்பளத்துக்குன்னே ஒரு ஷாம்பு இருக்கு சின்னத்தை. சோப்புத்தூள் போட்டா இழையெல்லாம் முள்ளு மாதிரி விறைச்சுக்கும். காயறப்ப ஒரே பக்கமா பிரஷ் போடணும்."

"அண்ணன் இங்கதானே விழுந்தாரு? மண்டை உடைஞ்சு ரத்தம் கொட்டுச்சுன்னாங்களே."

"கொட்டாம என்ன. ஆனா ரத்தத்தைக் காயவிட்டா அவ்வளவுதான், ஜென்மத்துக்கும் போகாது. மாமா தலையை டைல்ஸ் பக்கம் நகர்த்தி வச்சுட்டு, பச்சைத்தண்ணியில ஒத்தி ஒத்தி எடுத்தேன். சுத்தமாப் போனப்புறம்தான் ஆம்புலன்ஸுக்கே போன் பண்ணினேன்."

"அண்ணன் ஒண்ணும் சொல்லலையா?"

"பாவம், 'கறை போயிடுச்சாம்மா'ன்னு கேட்டுக்கிட்டே இருந்தாரு."

சின்னத்தை மறுபடி அழுதாள். கண்ணீர் கார்பெட்டில் விழாமல், கீழே கையை ஏந்திக்கொண்டு அழுதாள்.